சாப்பாட்டுக் கூடத்துச் சுவரில் வெள்ளைக்காரன் மலை

அந்தப் படத்தை முதலில் பார்த்தபோது எனக்குப் பிடித்துத்தான் இருந்தது. இல்லை என்று சொன்னால் பொய்.

மேலிருந்து பெரிய அருவி ஒன்று விழுகிறது. அருவிக்குப் பின்னால் மலை, மலைக்குப் பின்னால் மேகம். இடது பக்கம் விழுது விட்ட ஆலமரம். வலது பக்கம் இடிந்த மண்டபம், அதை ஒட்டி இரண்டு பனைமரம். அடியில், பாறைகளுக்கு நடுவே, கட்டெறும்பு அளவுக்கு ஐந்தாறு ஆட்கள். ஒருவன் ஈட்டியோடு நிற்கிறான். ஒருவன் படுத்துக் கிடக்கிறான். மேலே துணி இல்லாத ஒரு பெண் பானையோடு போகிறாள். ஓரத்தில் குதிரை மேல் ஒரு வெள்ளைக்காரன், அவனுக்குக் குடை பிடிக்க ஓர் ஆள்.

"இது நம்ம ஜவ்வாது மலை" என்றார் மலைப் பள்ளிகளைப் பார்த்துக்கொண்ட அதிகாரி. வெள்ளைக்காரர்கள் இந்தப் பக்கம் வந்த புதிதில் ஊர் ஊராகச் சுற்றிய ஓர் ஓவியன் எழுதியதாம். ஏதோ பழைய புத்தகத்திலிருந்து போட்டோ எடுத்துப் பெரிதாகக் கழுவி வைத்திருந்தார். கறுப்பு வெள்ளைதான். "கலர் நீயே பார்த்துப் போட்டுக்கோ. மத்தபடி ஒரு புள்ளி மாறக்கூடாது."

எழுபதுகளின் கடைசி அது. நான் ஒடுகத்தூரில் போர்டு எழுதிக்கொண்டிருந்தேன். நெல் மண்டி, சைக்கிள் கடை, தேர்தல் வந்தால் கட்சிச் சுவர், மற்ற நாட்களில் லாரிகளுக்குப் பின்பக்கம். சினிமா பேனர் எழுதும் ஒருவரிடம் மூன்று வருஷம் இருந்து கற்ற தொழில். ஆனால் பன்னிரண்டு அடிக்கு மேல் ஒரு சுவர் எனக்கென்று அதுவரை வாய்க்கவில்லை. மலை மேல் பிள்ளைகள் தங்கிப் படிக்கிற அரசுப் பள்ளியில் புதிதாகச் சாப்பாட்டுக் கூடம் கட்டியிருந்தார்கள். அதன் ஒரு பக்கச் சுவர் முழுவதும் எனக்கு. முப்பது அடி நீளம். திறப்பு விழாவுக்கு ஒரு மாதம் இருந்தது. இதைச் சரியாகச் செய்தால் ஜில்லாவில் இருக்கிற எல்லா ஆபீஸ் சுவரும் உனக்குத்தான் என்று அதிகாரி சொன்னார். எனக்குத் தூக்கம் வரவில்லை.

ரேஷன் அரிசி ஏற்றிய ஜீப்பில் பெயிண்ட் டப்பாக்களோடு நானும் ஏறிப் போனேன். அங்கே போன மறுநாளே எனக்கு அந்த இடம் ஒத்துப்போய்விட்டது. காலையில் பல் கிட்டிக்கும் குளிர். பத்து மணிக்கு மேல் நல்ல வெயில். புதுச் சுண்ணாம்பு மணக்கும் சுவர். மதியத்துக்குச் சாமைச் சோறும் அவரைக் குழம்பும். தொல்லை செய்ய ஆள் இல்லை. கீழே போர்டு எழுதினால் பத்துப் பேர் பின்னால் நின்று எழுத்து கோணல் என்று சொல்வார்கள். இங்கே அது இல்லை என்று நினைத்தேன். அந்த நினைப்பு நாலு நாள் நீடித்தது.

பெரிய படம் எடுக்க எங்கள் தொழிலில் ஒரே வழிதான். மாதிரிப் படத்தின் மேல் சின்னச் சின்னச் சதுரமாகக் கட்டம் போட வேண்டும். சுவரில் நீலப் பொடி தடவிய நூலை இழுத்து அடித்து, அதே எண்ணிக்கையில் பெரிய கட்டம் போட வேண்டும். பிறகு ஒவ்வொரு கட்டத்துக்குள் இருப்பதை மட்டும் பார்த்து எழுதிக்கொண்டே போக வேண்டும். முழுப் படத்தைப் பார்க்கக் கூடாது. பார்த்தால் கை தானாக ஓடிவிடும்.

அப்படிக் கட்டம் கட்டமாகப் பார்க்கும்போதுதான் அந்த வெள்ளைக்காரனின் வேலை எனக்குப் பிடிபட்டது. கல் எழுதுவதில் அவன் கெட்டிக்காரன். ஒவ்வொரு பாறையும் தனியாக, வெடிப்போடு, பாசியோடு இருந்தது. தண்ணீரும் அப்படித்தான். உட்கார்ந்து பார்த்து எழுதியிருக்கிறான். ஆனால் ஆட்கள் இருந்த கட்டங்களுக்கு வந்ததும் ஏமாற்று. ஈட்டிக்காரன் முகமும் படுத்தவன் முகமும் குடைக்காரன் முகமும் ஒரே முகம். முகம் என்றுகூடச் சொல்ல முடியாது, ஒரு கறுப்பு இழுப்பு. குதிரைக்குக் கண் இருந்தது. குதிரை மேல் உட்கார்ந்தவனுக்குக் கண், மூக்கு, மீசை எல்லாம் இருந்தது. மற்ற எவனுக்கும் கண் இல்லை.

அவர்களை அவன் எதற்கு வைத்தான் என்றும் புரிந்தது. நானும் அதைச் செய்கிறவன்தானே. பேனரில் கதாநாயகன் பெரிதாகத் தெரிய வேண்டும் என்றால் அவன் காலடியில் கூட்டத்தைப் புள்ளி புள்ளியாக ஒற்றி வைப்போம். இங்கே மலைதான் கதாநாயகன். மலை எவ்வளவு உயரம் என்று காட்ட ஒரு அளவுகோல் வேண்டும். அந்த அளவுகோல்தான் ஆள். கம்பை நட்டு வைத்தாலும் போதும், கம்புக்குப் பதில் மனுஷனை நட்டிருக்கிறான்.

இந்த மாதிரிப் படங்களை நான் அதற்கு முன்பே பார்த்திருந்தேன். வாணியம்பாடியில் தோல் வியாபாரம் செய்த ஒரு பாய் வீட்டு வாசலுக்குப் பெயர்ப் பலகை எழுதப் போனபோது, அவர் வீட்டுக் கூடத்தில் நாலைந்து தொங்கின. கோட்டை, குளம், யானை, கோவணம் கட்டிய ஆட்கள். எல்லாவற்றிலும் அதே ஆலமரம், அதே இடிந்த மண்டபம். நான் வாய் பிளந்து பார்த்ததைக் கண்டு பாய் சிரித்தார். "இன்னா அப்படிப் பாக்கற? அதெல்லாம் அவன் ஊர்ல இருக்கறவன் வூட்டுச் சுவத்துக்கு எழுதினதுப்பா. வாங்கறவனுக்கு இன்னா கலர் வேணுமோ அந்தக் கலர்லதான் நான் தோலு பதம் பண்றேன். மாட்டுக்கிட்ட கேட்டா பண்றேன்?" என்றார். அன்றைக்குச் சிரித்துவிட்டு வந்துவிட்டேன். மலை மேல் ஏணியில் நின்றபோதுதான் அந்தப் பேச்சு உறைத்தது. ஆனாலும் நான் நிறுத்தவில்லை. எழுதிக்கொண்டே போனேன். சுவர் எனக்கு வேண்டியிருந்தது.

ஐந்தாம் நாள் ஆட்களின் உருவங்களைக் கரிக்கோட்டில் எழுதி முடித்தேன். சுவரில் அந்தப் பெண் ஒன்றரை அடி உயரம் வந்திருந்தாள். கீழே உட்கார்ந்து சாப்பிடுகிறவர்களின் கண்ணுக்கு நேராக.

அந்தப் பள்ளியில் சமையல் வேலை பார்த்தவர் அந்த ஊர் அம்மா ஒருவர். என்னைவிட ஏழெட்டு வயது பெரியவர், அக்கா என்று கூப்பிடுவேன். அவருடைய மகள் அங்கேதான் படித்தாள். குழம்புச் சட்டியை இறக்கி வைத்துவிட்டுச் சுவரைப் பார்த்தார். கிட்டே போய்ப் பார்த்தார்.

"இவ யாரு?"

"மலைவாசிப் பொம்பளக்கா. பழைய காலத்துல."

"நீ பாத்தியா?"

"நான் எங்க பாத்தேன்? படத்துல கீது."

"ஜாக்கெட் இல்லன்னாலும் எங்க பாட்டியெல்லாம் சேலைய மாராப்பு போட்டுக்கினுதான் போனாங்க. இவ இன்னாத்துக்கு இப்படி அலையறா? இந்தக் குளிர்ல?"

அவர் போய் ஊர்க்கவுண்டரைக் கூட்டிவந்தார். ஊர்க்கவுண்டர் என்றால் அங்கே பஞ்சாயத்து பேசுகிறவர், அவர் சொல்லுக்கு ஊர் கட்டுப்படும். அவர் பின்னால் பத்துப் பதினைந்து பேர். கீழே போர்டு எழுதும்போது இருக்கிற கூட்டம் இங்கேயும் வந்துவிட்டது என்று எனக்கு எரிச்சல்.

"பனைமரம் எங்க மலையில எங்க கீது?" என்றார் ஒருவர். "கீழ கலசபாக்கம் போற வழியிலதான் கீது. அவன் அங்க பாத்துட்டு வந்து இங்க நட்டுட்டான்."

"அருவில போயி தண்ணி மொள்ளுவாங்களா? ஊத்து எதுக்குக் கீது? வழுக்கி வுழுந்து சாவறதுக்கா?"

"இதோ படுத்துக்கினு கீறானே, இவன் காவலுக்குப் போனவனா? இவன் கொல்லையில பன்னி பூந்து சாமைய துன்னுட்டுப் போயிருக்கும்."

எல்லாரும் சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு வந்தது. சமையல்கார அக்கா மட்டும் சிரிக்கவில்லை.

"உங்களுக்கு இன்னா, பாத்துட்டுப் போய்டுவீங்க. எங்க பொண்ணுங்க தினம் மூணு வேள இந்தச் சுவத்துக்கு எதிர்ல உக்காந்து துன்னணும். கீழ இருந்து வர்ற வாத்தியாருங்க, ஆபீசருங்க இதப் பாப்பாங்க, அப்பறம் எங்க பொண்ணுங்களப் பாப்பாங்க. அப்ப அவங்க மனசுல இன்னா ஓடும்? இது இருந்தா என் பொண்ண நான் இங்க வெக்க மாட்டேன். கூட்டிக்கினு போய்டுவேன்."

"கூட்டிக்கினு போயி?" என்றார் ஊர்க்கவுண்டர்.

"ஆடு மேய்க்கட்டும். அம்மணமா சுவத்துல நிக்கறதுக்கு அது மேல்."

அந்த அக்கா விளையாட்டுக்குச் சொல்லவில்லை. அவர் மகள் எட்டாவது படித்தாள். அந்த மலையில் அதற்கு முன் எட்டாவது வரை வந்த பெண்கள் எத்தனை பேர் என்று விரல் விட்டு எண்ணிவிடலாம். இந்தப் பக்கம் எனக்கு முதல் பெரிய சுவர். ஒரு புள்ளி மாறினாலும் அதிகாரி என்னை விரட்டிவிடுவார். இரண்டில் ஒன்று கெடத்தான் போகிறது. எனக்குக் கோபம் தலைக்கேறியது. "நான் என்ன பண்ணட்டும்? குடுத்தத எழுதறவன் நான். நீங்களே சொல்லுங்க, உங்கள எப்படி எழுதணும்னு சொல்லுங்க!" என்று கத்திவிட்டேன். கோபத்தில் சொன்னது. அவர்கள் அதை நிஜமாகவே எடுத்துக்கொண்டார்கள்.

ஒரு நாள் இடைவெளி விட்டு, காலையில் கூடத்துக் கதவைத் திறந்தால் வாசலில் ஊரே நிற்கிறது. ஆண்கள் எல்லாரும் வெள்ளை வேட்டி, கல்யாணத்துக்குத் தைத்த சட்டை, தோளில் துண்டு. பெட்டியில் மடித்து வைத்திருந்த மடிப்பு சட்டையில் கோடு கோடாகத் தெரிந்தது. பெண்கள் தலைக்கு எண்ணெய் வழிய வாரி, இருப்பதில் நல்ல சேலையைக் கட்டி வந்திருந்தார்கள். சுவருக்கு எதிரே வரிசையாக நின்றார்கள். கையைத் தொடையோடு ஒட்டி வைத்துக்கொண்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு, என்னையே முறைத்துப் பார்த்தார்கள்.

"இன்னா இது? இப்படி வெறப்பா நின்னா எப்படி எழுதறது? கையில ஒரு மண்வெட்டி, ஒரு கூடை, புளி அடிக்கற கோல் ஏதாவது எடுத்துக்கினு வாங்க. ஏதாவது வேல செய்யுங்க. அப்பதானே மலைக்காரங்கன்னு தெரியும்?"

"வேல செய்யறத எவனாச்சும் படம் புடிப்பானா?" என்றார் ஊர்க்கவுண்டர்.

சமையல்கார அக்கா என் பக்கம் திரும்பினார். "பெயிண்டரு, நீ போட்டோ எடுத்துக்கினு கீறியா?"

"எடுத்திருக்கேன்."

"எப்படி எடுத்த? பெயிண்ட் அப்புன பனியனோட, ஏணி மேல ஏறிக்கினா?"

ஒடுகத்தூர் ஸ்டூடியோவில் எடுத்த போட்டோ அது. ஸ்டூடியோக்காரரிடமே இருந்த கோட்டை மாட்டிக்கொண்டு, மேஜை மேல் இருந்த டெலிபோனைக் காதில் வைத்துக்கொண்டு எடுத்தது. விட மாட்டார் என்று தெரிந்ததால் சொல்லிவிட்டேன்.

"உங்க வூட்ல போனு கீதா?"

"இல்ல."

"அப்ப யாருகிட்ட பேசின?"

அந்தக் கூட்டம் சிரித்த சிரிப்பு இன்னும் என் காதில் இருக்கிறது. ஊர்க்கவுண்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எனக்கு அவமானம்தான். ஆனால் அந்த அவமானத்திலேயே விஷயமும் விளங்கிவிட்டது. நானே என்னைக் காட்டும்போது கோட்டுப் போட்டுக் காட்டுகிறேன். இவர்களைக் காட்டும்போது மண்வெட்டி கேட்கிறேன். வெள்ளைக்காரன் ஈட்டி கொடுத்தான், நான் மண்வெட்டி கொடுக்கப் பார்த்தேன். எங்கள் இரண்டு பேருக்கும் வித்தியாசம் அவ்வளவுதான்.

இன்னொன்றையும் ஒத்துக்கொள்கிறேன். ஆம்பூர், வாணியம்பாடி லாரிகளுக்குப் பின்னால் எத்தனையோ பனிமலை எழுதியிருக்கிறேன். ஏரி, அன்னம், புகைபோக்கி வைத்த வீடு, தோள் தெரிய கவுன் போட்ட வெள்ளைக்காரப் பெண். பனியை நான் கண்ணால் பார்த்தது கிடையாது. அந்த ஊர்க்காரன் யாராவது நம் ரோட்டில் வந்து நின்று, "எங்க ஊரில் அன்னம் இப்படியா நீந்தும், இந்தப் பெண்ணுக்குக் குளிராதா" என்று கேட்டால் நான் என்ன சொல்வேன்? லாரிக்காரன் கேட்டான், எழுதினேன் என்றுதான் சொல்வேன். ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. என் லாரிப் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு எந்த அதிகாரியும் அந்த ஊர்க்காரனிடம் போய், நீ இப்படித்தான் இருக்க வேண்டும் என்று சொல்லவில்லை.

கரிக்கோட்டை ஈரத்துணியால் துடைத்தேன். அருவியை மேல்பக்கம் ஒரு மூலைக்கு ஏற்றினேன். மலையைச் சுவரின் மேல் பாகத்துக்குள் அடக்கினேன். பனைமரம், மண்டபம், குதிரை, வெள்ளைக்காரன் எல்லாம் போனது. கீழே முழுதும் ஆட்கள், ஒவ்வொருவரும் நாலடி உயரம்.

அடுத்த இரண்டு வாரம் நான் வேலை செய்த மாதிரி என் வாழ்க்கையில் எப்போதும் செய்ததில்லை. ஒருவர் ஒருவராக வந்து நிற்பார்கள். நெற்றி மேடு, மூக்கு, காது மடல் என்று பார்த்துப் பார்த்து எழுதினேன். அந்த ஊரில் கைக்கடிகாரம் ஒன்றே ஒன்றுதான் இருந்தது, ஊர்க்கவுண்டர் மருமகனுடையது. ஆண்கள் எல்லாருக்கும் அது வேண்டும். ஒருவர் கழற்றி அடுத்தவருக்குக் கட்டிவிடுவார். அதனால் சுவரில் இருக்கிற எல்லா ஆண்களும் ஒரே கடிகாரம் கட்டியிருக்கிறார்கள், ஆனால் ஒவ்வொன்றிலும் வேறு வேறு நேரம். காலை ஏழில் ஆரம்பித்து மாலை ஐந்து வரை. கண்ணால் பார்த்த நேரத்தைத்தான் எழுதினேன், நானாக எதையும் மாற்றவில்லை. சட்டையின் மடிப்புக் கோட்டையும் விடவில்லை.

சமையல்கார அக்கா கரண்டியோடு நிற்க மாட்டேன் என்று சொல்லிவிட்டார். அந்தப் பள்ளியில் கை வைத்த நாற்காலி ஒன்றுதான், தலைமை ஆசிரியருடையது. அதைக் கொண்டுவரச் சொல்லி, அதில் சாய்ந்து உட்கார்ந்தார். "இன்னும் கொஞ்சம் கலரா போடு" என்றார். "முடியாது, இருக்கற கலர்தான் போடுவேன்" என்றேன். "போ, கோட்டுக்காரா" என்றார். சேலைக்கு மட்டும் அவர் கேட்ட கிளிப்பச்சையைப் போட்டேன்.

திறப்பு விழா அன்று காலையில் அதிகாரி வந்தார். மற்ற விருந்தாளிகள் பின்னால் வந்துகொண்டிருந்தார்கள். கூடத்துக்குள் நுழைந்தவர் நின்றுவிட்டார்.

"என்னய்யா இது?"

"ஊர் ஜனங்க சார்."

"மலை எங்கே?"

"மேல கீது சார்."

"சின்னதாயிடுச்சே!"

"ஆளுங்க பெருசாயிட்டாங்க சார். அப்ப மலை சின்னதாத்தான் தெரியும்."

அவர் முகம் சிவந்தது. "என்ன கல்யாண போட்டோ மாதிரி எழுதி வெச்சிருக்கே? சட்டை, வாட்ச்சு... இதுல மலைவாசி எவன்? யாரு இந்த மாதிரி இருக்கான் இங்கே? வர்றவங்க கேட்டா நான் என்ன சொல்றது?"

அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே ஊர்க்காரர்கள் ஒவ்வொருவராக உள்ளே வந்தார்கள். விழா நாள் அல்லவா, அதே வெள்ளை வேட்டி, அதே சட்டை, அதே சேலை. என்னிடம் யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை. இருப்பதில் நல்லது அது ஒன்றுதான், அதைத்தானே கட்டி வர முடியும். சுவரில் இருந்தவர்கள் எல்லாரும் தரையிலும் நின்றார்கள். கிளிப்பச்சைச் சேலையில் சமையல்கார அக்கா முன்னால் வந்தார்.

"யாரு மாதிரி இல்லன்னு சொல்றீங்க சார்? கை காட்டுங்க. அந்த ஆள நிக்க வெச்சுப் பாத்துடலாம்."

அதிகாரி சுவரைப் பார்த்தார், ஆட்களைப் பார்த்தார், என்னிடம் கொடுத்திருந்த போட்டோவை வாங்கிப் பார்த்தார். அவர் கெட்ட மனுஷர் இல்லை. அந்தக் கட்டடத்துக்காக ஆபீஸ் ஆபீஸாக அலைந்தவரே அவர்தான். ஆனால் அவர் மனதில் மலை என்றால் அந்தப் போட்டோதான். அதில் இருந்தவர்கள் எதிர்த்துப் பேச மாட்டார்கள்.

"விழா முடிஞ்சதும் இதுக்கு வெள்ளையடி" என்றார் என்னிடம்.

"அடிக்கலாங்க" என்றார் ஊர்க்கவுண்டர், நிதானமாக. "எங்க மூஞ்சிமேல யாரு வந்து அடிக்கறதுன்னு மட்டும் எங்களுக்குச் சொல்லிட்டுப் போங்க. அவருக்கும் நாங்கதானே சோறு போடணும்."

வெளியே வண்டி சத்தம் கேட்டது, அதிகாரி விருந்தாளிகளை வரவேற்கப் போய்விட்டார். வெள்ளையடிக்க யாரும் வரவில்லை. அந்த ஆபீஸிலிருந்து எனக்கு அதற்குப் பிறகு ஒரு சுவர்கூடக் கிடைக்கவும் இல்லை. போகட்டும். நான் மறுபடி லாரிக்குப் போனேன். யாராவது பனிமலை கேட்டால் எழுதுவேன், ஆனால் அந்தப் பெண்ணுக்குக் கழுத்து வரை ஒரு கம்பளிச் சட்டை போட்டுவிடுவேன்.

விழாக் கூட்டம் கலைந்த பிறகு, நான் பிரஷ்களைக் கழுவிக்கொண்டிருந்தேன். சமையல்கார அக்காவின் மகளும் அவள் வயதுப் பெண்களும் சுவருக்கு எதிரே உட்கார்ந்து பாயசம் குடித்துக்கொண்டே, சுவரில் இருந்தவர்களை ஒவ்வொருவராகக் காட்டி வம்பு பேசிக்கொண்டிருந்தார்கள். அப்போது தூரத்துக் குக்கிராமத்திலிருந்து ஒருவர் மூச்சு வாங்க வந்தார். ஆறு மைல் நடந்திருக்கிறார். சேதி அவருக்கு அன்றுதான் தெரிந்ததாம். சுவரைக் கடைசி வரை பார்த்துக்கொண்டே போய்த் திரும்பி வந்தார்.

"எங்க ஊர்க்காரன் ஒருத்தனும் இல்லையே இதுல?"

"இடம் இல்லைங்க. கதவோரம் ஒரு முழம்தான் பாக்கி. கதவத் தொறந்தா மறச்சுடும்."

அவர் கதவை இழுத்துச் சாத்திப் பார்த்தார், திறந்து பார்த்தார்.

"சாத்தினா முழுசா தெரிவேன் இல்ல?"

"தெரிவீங்க."

"அது போதும், எழுது" என்று சொல்லி, சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு, கையைத் தொடையோடு ஒட்டி வைத்து நின்றார். நான் கழுவிய பிரஷை மறுபடி பெயிண்ட்டில் தோய்த்தேன்.